என் கழுதையை எனக்குத் தெரியாதாம்

முத்தினா நகரத்து எண்ணெய் வியாபாரி கானினியுஸ் அத்தான் அவர்களுக்கு, டான்யூப் ஆற்றுக்கு வடக்கே கணுக்கால் சேற்றில் நிற்கும் மைத்துனன் நோனியுஸ் வணங்கி எழுதிக்கொள்வது.

நீங்களும் அக்காவும் குழந்தையும் சுகமாக இருந்தால் சந்தோஷம், நானும் சுகம். கடிதத்தை இப்படித்தான் தொடங்க வேண்டும் என்று சின்ன வயதில் வாத்தியார் முதுகில் அடித்துச் சொல்லிக்கொடுத்ததால் எழுதிவிட்டேன். முதல் பாதி உண்மையாக இருக்கட்டும். இரண்டாவது பாதி பொய். உங்கள் வீட்டு அடுப்படித் தெய்வங்களுக்கு என் பெயரில் ஒரு சொட்டு திராட்சை ரசம் விடுங்கள். இங்கே விடுவதற்கு ரசம் இல்லை, காடித் தண்ணீர்தான் இருக்கிறது, அதை விட்டால் தெய்வங்களும் கோபித்துக்கொள்ளும். இந்தக் கடிதத்தை மெழுகுப் பலகையில் எழுதவில்லை, மரச்சீவலில் மையால் எழுதுகிறேன். எழுதியதை அழிக்க முடியாது. அழிக்கும் எண்ணமும் இல்லை.

நேராக விஷயத்துக்கு வருகிறேன். ஆற்றங்கரைத் தானியக் கிடங்கில் என்னை எழுத்தராக வைத்துக்கொள்ளச் சொல்லி உங்களுக்கு வேண்டிய பெரிய மனிதர் முத்திரை போட்டுக் கொடுத்த சிபாரிசு உங்கள் பெட்டியில் தூங்கிக்கொண்டிருக்கிறது. நீங்கள்தான், "கொஞ்சம் பொறு, கொடுத்துவிட்டால் திரும்ப வாங்க முடியாது, கூடாரத்தை விட்டுப் போனவனை அந்தக் கூடாரம் மறுபடி சேர்த்துக்கொள்ளாது" என்று எழுதினீர்கள். பொறுத்தேன். இனிப் பொறுக்க மாட்டேன். கடிதம் கிடைத்த அன்றே கொடுத்துவிடுங்கள். இந்த ஏழு பேரோடு இன்னொரு குளிர்காலத்தை என்னால் கழிக்க முடியாது. அதுவும் ஓப்பியுஸ் என்கிற துரோகியோடு முடியவே முடியாது. ஏன் என்று கேட்பீர்கள். சொல்கிறேன்.

இங்கே எட்டுப் பேருக்கு ஒரு கூடாரம், ஒரு திருகைக் கல், ஒரு கோவேறு கழுதை. கூடாரம் ஆட்டுத்தோல். மழை பெய்தால் செத்துப்போன ஆடுகள் எல்லாம் திரும்பி வந்து நம் பக்கத்தில் படுத்துக்கொண்ட மாதிரி ஒரு நாற்றம், அத்தான், அதை எழுத மை போதாது. எட்டுப் பேர் படுக்க வேண்டிய இடத்தில் ஆறு பேர்தான் படுக்கலாம், மற்ற இரண்டு பேர் அந்த ஆறு பேர் மேல் படுக்கலாம். எனக்கு வலப்பக்கம் கால்வுஸ். மண்டையில் ஒரு மயிர் கிடையாது, அதற்கும் சேர்த்து வாய். அவன் குறட்டை விட்டால் பன்றி அறுக்கிறார்கள் என்று நினைத்து அண்டை கூடாரத்துக்காரன் தட்டை எடுத்துக்கொண்டு வந்து நிற்பான். என் தலைக்கவசத்தின் விளிம்பில் எனக்கு முன்னால் அதை மாட்டியிருந்த இரண்டு பேருடைய பெயர்கள் குத்தியிருக்கின்றன. இரண்டு பேருக்கும் பூசணிக்காய்த் தலை இருந்திருக்க வேண்டும். உள்ளே பழைய கம்பளியைத் திணித்துத்தான் போட்டுக்கொள்கிறேன். நான் பக்கவாட்டில் திரும்பினால் தலை மட்டும் திரும்புகிறது, கவசம் அப்படியே நிற்கிறது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

ஓப்பியுஸ்தான் எங்கள் கூடாரத்துக்குப் பெரியவர். மீசை நரைத்த ஆள். இரண்டு வார்த்தையில் முடியும் என்றால் மூன்றாவது வார்த்தை பேச மாட்டார். கழுதைக்கு 'அழகி' என்று பொருள்பட பெல்லா என்று பெயர் வைத்தது அவர். வசந்த காலத்தில் அது வந்த நாளிலிருந்து தன் ரொட்டியில் பாதியைப் பிட்டுப் போர்வை மடிப்பில் ஒளித்து வைத்து அதற்கு ஊட்டுவது அவர். எங்களோடு பேசாத பேச்செல்லாம் அதனோடு பேசுவது அவர். இதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது பாசறைக்கு வருகிறேன். நடைப் பயணத்தில் ஒவ்வொரு நாளும் ஒரு ஊரையே கட்டுகிறோம். முதுகில் இருக்கிற மூட்டையை இறக்கிய கையோடு அகழி வெட்டு, மண்மேடு போடு, முளைக்கம்பு நடு. காலையில் எழுந்து அந்த அகழியை நாமே மூடிவிட்டு முளைக்கம்பைப் பிடுங்கித் தோளில் போட்டுக்கொண்டு நட. பைத்தியக்காரன் கூட மாதத்தில் ஒரு நாள் ஓய்வெடுப்பான். அதுவாவது போகட்டும். எந்த நாட்டில் போட்டாலும் பாசறை ஒரே அச்சு. வாசலில் நுழைந்தால் நேர்த்தெரு, தளபதி கூடாரம், அங்கே இடப்பக்கம் திரும்பு, மூன்றாவது வரிசை, கோடியிலிருந்து இரண்டாவது கூடாரம்: நான். "கண்ணைக் கட்டிவிட்டாலும் ரோமானியப் படைவீரன் தன் படுக்கைக்கு வந்து சேருவான்" என்று பாசறைக்கு அளந்து கோடு போடுகிறவர்கள் பெருமையடிப்பார்கள். வந்து சேர்ந்தேன், அத்தான். அதுதான் என் குற்றம்.

ஆற்றில் பால வேலை முடிகிற வரைக்கும் எங்கள் படையணியும் இன்னொரு படையணியும் இங்கே பக்கத்துப் பக்கத்தில் பாசறை போட்டுக் கிடக்கிறோம். காட்டிலிருந்து வருகிற பாதை ஓரிடத்தில் இரண்டாகப் பிரியும். இடது பாதை எங்கள் வாசல், வலது பாதை அவர்கள் வாசல். அன்றைக்கு விறகு கொண்டுவரும் முறை என்னுடையது. பெல்லாவை ஓட்டிக்கொண்டு போனேன். மழை என்றால் அப்படி மழை, என் கை எனக்குத் தெரியவில்லை. திரும்பும்போது அந்தச் சனியன் கழுதை பாதை பிரியும் இடத்தில் நின்றுகொண்டு நகர மாட்டேன் என்று அழிச்சாட்டியம் பண்ணியது. இடப்பக்கமாகவே இழுக்கிறது. நான் வலப்பக்கமாக இழுக்கிறேன். கயிறு கையை அறுத்து, தோள்பட்டை பிசகி, கடைசியில் நான்தான் ஜெயித்தேன். அந்தத் தோளை இன்றைக்கும் மேலே தூக்க முடியவில்லை, அக்காவிடம் சொல்ல வேண்டாம். வாசலில் காவல்காரன் விறகுச் சுமையைப் பார்த்தானே தவிர என் மூஞ்சியைப் பார்க்கவில்லை. நேர்த்தெரு, தளபதி கூடாரம், இடப்பக்கம், மூன்றாவது வரிசை, கோடியிலிருந்து இரண்டாவது. கவசம் திரும்பாததால் அக்கம்பக்கம் பார்க்கவில்லை. கழுதை கட்டுகிற முளையில் ஏற்கெனவே ஒரு கழுதை நின்றது. யாரோ இரவல் வாங்கியிருக்கிறார்கள் என்று நினைத்து, பெல்லாவையும் அதன் பக்கத்தில் கட்டிவிட்டு உள்ளே போனேன். ஒருத்தரும் இல்லை, எல்லோரும் அகழி வேலைக்குப் போயிருக்க வேண்டும். கோதுமைக் கூழ் சுடச்சுட இருந்தது. பன்றிக்கொழுப்பு வேறு மிதந்தது. கால்வுஸ் என்றைக்கும் இல்லாமல் ஒழுங்காகச் சமைத்திருக்கிறானே என்று மனதுக்குள் அவனைப் பாராட்டினேன். அந்தப் பாராட்டை இப்போது திரும்பப் பெறுகிறேன். குடித்துவிட்டு, என் இடத்தில் படுத்துத் தூங்கிப்போனேன்.

யாரோ காலால் தட்டினார்கள். கண்ணைத் திறந்தால் கன்னத்தில் தழும்போடு ஒரு தடியன் நிற்கிறான். புதுசாகச் சேர்ந்தவன் என்று நினைத்துவிட்டேன்.

"யாருப்பா நீ?" என்றான்.

"அதை நான் கேக்கணும். புதுசா? செருப்பைக் கழட்டிட்டு உள்ள வா. சேறு."

"செருப்பைக் கழட்டணுமா?"

"ஆமா. அப்படியே போய் ஒரு குடம் தண்ணி கொண்டா. கூழுல உப்பு கொஞ்சம் தூக்கல்."

அவன் வெளியே தலையை நீட்டி, "டேய், எல்லாரும் இங்க வாங்கடா. நம்ம கூழைக் குடிச்சுட்டு ஒருத்தன் குறை சொல்றான்" என்றான். நுழைந்த ஏழு முகத்தில் ஒன்றுகூட எனக்குத் தெரிந்த முகம் இல்லை. பிறகு என்ன, அவர்கள் வழியை அடைப்பதற்குள் ஒருவன் கைக்குக் கீழே புகுந்து, வெளியே வந்து, பெல்லாவை அவிழ்த்துக்கொண்டு மழையில் ஓடி, எங்கள் பாசறைக்கு வந்து சேர்ந்தேன். நேர்த்தெரு, இடப்பக்கம், மூன்றாவது வரிசை. கேட்டால் தவறு என்று சொல்லலாம். குற்றம் என்று சொல்லலாமா? இரண்டு ஊரையும் ஒரே அச்சில் போட்டவனை யாரும் கேட்கவில்லை.

மறுநாள் காலையில் அந்தத் தழும்பன் எங்கள் நூற்றுவர் தலைவர் ராபிரியுஸ் முன்னால் வந்து நிற்கிறான். பெயர் மேவியுஸாம். "உங்க ஆளு எங்க கழுதையை ஓட்டிட்டு வந்துட்டான். அவன் விட்டுட்டுப் போனது எங்களுது இல்லை. இது பாசறைத் திருட்டு" என்கிறான். ராபிரியுஸின் முகம் வெளுத்தது. நான் சிரித்துவிட்டேன். திருட வந்தவன் முதலில் கூழ் குடித்து, ஒரு தூக்கம் போட்டு, உப்பைப் பற்றிக் குறை சொல்லிவிட்டா திருடுவான்? "சிரிக்காதேடா" என்று ராபிரியுஸ் தன் திராட்சைக்கொடிப் பிரம்பால் என் பிசகின தோளிலேயே ஒன்று வைத்தார். வம்பு என்னவென்றால், இந்த வசந்தத்தில் இரண்டு படையணிக்கும் கழுதை விற்றவன் ஒரே வியாபாரி. அவசரத்தில் சூட்டுக்கோல் போடாமலே கிளப்பிக்கொண்டு வந்துவிட்டோம். இரண்டும் ஒரே பழுப்பு, ஒரே உயரம். நான் சத்தியம் பண்ணினேன். என் கழுதையை எனக்குத் தெரியாதா, கூட்டத்தில் நிறுத்தினாலும் கண்டுபிடிப்பேன், இது பெல்லாதான், நல்ல கழுதையாகப் பார்த்துத் தட்டிக்கொண்டு போக வந்திருக்கிறார்கள் என்று படையணியின் கழுகுச் சின்னத்தின் மேல் ஆணையாகச் சொன்னேன்.

அப்போதுதான் ராபிரியுஸ் ஓப்பியுஸைக் கூப்பிட்டார். எனக்கு உயிர் வந்தது. பெல்லாவோடு குடும்பம் நடத்துகிற மனிதர், ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஓப்பியுஸ் கழுதையிடம் போனார். போர்வையிலிருந்து ஒரு துண்டு ரொட்டி எடுத்து நீட்டினார். அது முகர்ந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது. மழையில் நனைந்த ரொட்டியை யார் தின்பார்கள்? ரொட்டியைத் திரும்ப மடிப்பில் வைத்தார். என்னை ஒரு பார்வை பார்த்தார்.

"என்ன ஓப்பியுஸ், உங்க கழுதைதானா?" என்றார் ராபிரியுஸ்.

"தெரியலீங்க ஐயா."

"தெரியலையா? நீதானய்யா அதைக் கொஞ்சிக்கிட்டே திரிவே."

"எனக்குக் கழுதைன்னா எல்லாம் ஒரே மாதிரிதாங்க. எங்க எட்டுப் பேருக்குமே அடையாளம் தெரியாதுங்க. நாங்க சரியா பாத்துக்கல. அது எங்க கூடாரத்துத் தப்பு."

அத்தான், அந்த மனிதர் வாயிலிருந்து நான் கேட்ட மிக நீளமான பேச்சு இதுதான். அதுவும் எனக்கு எதிராக. கூசாமல் சொன்னார். கால்வுஸும் மற்றவர்களும் தலையை ஆட்டினார்கள். கூட ஒருத்தன் "நானெல்லாம் குதிரைக்கும் கழுதைக்குமே குழம்புவேன்" என்றான். ராபிரியுஸ் நீளமாக ஒரு மூச்சு விட்டார். தீர்ப்பு: அடையாளம் தெரியாததால் அந்தந்தக் கழுதை இருக்கிற இடத்தில் இருக்கட்டும், கவனக்குறைவுக்காக எங்கள் கூடாரம் முழுவதற்கும் கோதுமை நிறுத்தம், பார்லி, எனக்குத் தனியாக, தளபதி கூடாரத்துக்கு முன்னால் நிற்பது. மேவியுஸ் முணுமுணுத்துக்கொண்டே போனான்.

படையில் கோதுமை மனிதனுக்கு, பார்லி கழுதைக்கு. இப்போது எங்களுக்கும் கழுதைக்கும் ஒரே பந்தி. கழுதை வாயில் அது ருசிக்கிறது. எங்கள் வாயில் உமியும் கல்லுமாக, திருகையில் எத்தனை தடவை சுற்றினாலும் மணல்தான் வருகிறது. அதைவிடக் கொடுமை நிற்பது. இடைவாரைப் பிடுங்கிக்கொண்டார்கள். இடைவார் இல்லாத படைவீரன் சந்தையில் முட்டைக்கோஸ் விற்கிறவனுக்குச் சமம். சட்டை அவிழ்ந்து பாவாடை மாதிரி தொங்க, கையில் புல்லோடு வெட்டின ஒரு மண்கட்டியை ஏந்திக்கொண்டு காலை முதல் பொழுது சாய நிற்க வேண்டும். அகழி வெட்டுகிறவன் கையில் ஏந்த மண்ணை விட்டால் வேறு என்ன இருக்கிறது? போகிறவன் வருகிறவன் எல்லாம், "மாப்ளே, அதுக்குத் தண்ணி ஊத்தினியா?" என்கிறான். நேற்று அந்த மண்கட்டியில் ஒரு வெள்ளைப் பூ பூத்தது. கால்வுஸ் வேலை மெனக்கெட்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்து காட்டினான். கூடாரத்துக்குத் திரும்பினால் வாசலில் எழுந்து நின்று, "வாங்க வாங்க, யார் வீட்டுக்கு வந்தீங்க? விலாசம் சரியா பாத்தீங்களா?" என்று கும்பிடுகிறான். சாப்பிட உட்கார்ந்தால், "பாத்துக் குடி, உப்பு தூக்கலா இருந்தா சொல்லு" என்கிறான் இன்னொருவன். ஓப்பியுஸ் மட்டும் ஒன்றும் சொல்வதில்லை. தன் பார்லி ரொட்டியை மென்றுகொண்டு உட்கார்ந்திருப்பார். பல் போன வாய்க்கு அது வெந்நீரில் ஊறினால்தான் இறங்கும். நான் அவரோடு பேச்சை நிறுத்திவிட்டேன். அவர் ஏற்கெனவே பேசாத ஆள் என்பதால் அது அவருக்குத் தெரிந்ததா என்று தெரியவில்லை.

பெல்லாவும் பாவம், அந்த அதிர்ச்சியிலிருந்து மீளவில்லை. வந்ததிலிருந்து ஓப்பியுஸை இரண்டு முறை உதைத்துவிட்டது. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்புவதில்லை. திருகைக் கல்லை ஏற்றினால் உட்கார்ந்துகொள்கிறது. முன்பெல்லாம் அப்படிச் செய்யாது. துரோகியை மிருகம் கூட அடையாளம் கண்டுகொள்கிறது பாருங்கள்.

ஆகவே அத்தான், சிபாரிசைக் கொடுத்துவிடுங்கள். கிடங்கில் ஓடு வேய்ந்த கூரை, கோதுமை, இடைவார். கழுதை கிடையாது. முக்கியமாக, ஒரு உண்மைக்கு வாயைத் திறக்காத மனிதர்கள் கிடையாது. நாளை தூதுவன் கிளம்புகிறான், அவனிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். அக்காவுக்கு என் அன்பு. குழந்தைக்கு என் முத்தம். உங்கள் ஜாடிகளில் எண்ணெய் வற்றாமல், உங்கள் கதவில் கடன்காரன் தட்டாமல், தெய்வங்கள் உங்களைக் காக்கட்டும்.

இடைவாரற்ற,
நோனியுஸ்

பின்குறிப்பு: தூதுவன் இன்னும் கிளம்பவில்லை. வேறு மரச்சீவலும் இல்லை, மேலே எழுதியதை அழிக்கவும் வழியில்லை, அதனால் ஓரத்தில் பொடியாக எழுதுகிறேன். அத்தான், சிபாரிசைக் கொடுக்காதீர்கள். கொடுத்திருந்தால் காலில் விழுந்தாவது திரும்ப வாங்குங்கள். வாங்கி அடுப்பில் போடுங்கள்.

இன்று காலையில் பக்கத்துப் படையணி பாசறையைக் கலைத்துக்கொண்டு மேற்கே கிளம்பியது. அவர்கள் கழுதை வரிசை எங்கள் வாசலைக் கடந்து போயிற்று. அதில் ஒரு கழுதை வரிசையை விட்டு விலகி, இழுத்தவனையும் இழுத்துக்கொண்டு, எங்கள் வாசலுக்குள் நுழைந்தது. நேர்த்தெரு. தளபதி கூடாரம். அங்கே மண்கட்டியோடு நான் நின்றுகொண்டிருந்தேன். என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. இடப்பக்கம் திரும்பியது, மூன்றாவது வரிசை. நான் மண்கட்டியோடு பின்னாலேயே ஓடினேன். கோடியிலிருந்து இரண்டாவது கூடாரத்தின் முன்னால் நின்று, ஓப்பியுஸின் போர்வை மடிப்புக்குள் மூக்கை விட்டது. பார்லி ரொட்டிதான் இருந்தது. தின்றது.

கயிற்றின் மறுமுனையில் சேறும் மூச்சிரைப்புமாக வந்தவன் மேவியுஸ். ஓப்பியுஸ் எழுந்து போய், இத்தனை நாள் நான் பெல்லா என்று சாதித்த கழுதையை அவிழ்த்து அவன் கையில் கொடுத்தார். அவனைக் கண்டதும் அது காதை ஆட்டியது. "உக்காருமே, கல்லு ஏத்தினா உக்காருமே இது, சமாளிச்சீங்களா?" என்று கேட்டுவிட்டு அவன் அதை ஓட்டிக்கொண்டு போனான்.

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா அண்ணே?" என்றேன்.

"அது ரொட்டியைத் தின்னலையே."

"அப்புறம் ஏன் எல்லாக் கழுதையும் ஒண்ணுன்னு சொன்னீங்க?"

அவர் பெல்லாவின் காதைத் தடவிக்கொண்டே சொன்னார்: "நம்மளதுன்னு சொன்னா பொய். அவங்களதுன்னு சொன்னா திருட்டு. திருட்டுக்கு நம்ம கையாலேயே உன்னைத் தடியால அடிக்கச் சொல்லுவாங்க. அடி வாங்கி எழுந்திருச்சவனை நான் பாத்ததில்லை. நடுவுல இருந்தது பார்லி. தின்னோம்."

நான் அன்று ராபிரியுஸ் முன்னால் சிரித்ததை நினைத்துக்கொண்டேன். இப்போது சிரிப்பு வரவில்லை.

மற்றபடி எல்லாம் சுகம். கடுகும் மீன்சாறும் அனுப்புங்கள், பார்லிக்குத் தொட்டுக்கொள்ள. எட்டுப் பேருக்கு. அக்காவிடம் கம்பளிக் காலுறை பின்னச் சொல்லுங்கள், அதுவும் எட்டுப் பேருக்கு. ஓப்பியுஸ் அண்ணனுக்கு மட்டும் கொஞ்சம் பெரிதாக.

இதை எழுதும்போது கால்வுஸ் என் தோள் வழியாக எட்டிப் பார்த்து முழுவதையும் படித்துவிட்டான். "பன்னி அறுக்கிற மாதிரியா?" என்று கேட்டுவிட்டு, திருகைக் கல்லை என் பக்கமாகக் காலால் தள்ளிவிட்டிருக்கிறான். இன்றைக்கு அரைப்பது என் முறை இல்லை. போய் அரைக்கிறேன்.